வயல் இல்லாதவளின் அத்தம்

பலாங்கொடைக்கு மேலே தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் குடியிருந்த வெள்ளையம்மாவுக்குச் சொந்தமாக ஒரு சாண் வயல் கிடையாது. மலையடி வயல்களெல்லாம் சிங்களக் கிராமத்தாருடையவை. சந்தையில் பழக்கமான சோமாவதி, நடவுக்கு ஆள் போதவில்லையென்று தொண்ணூற்றெட்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளைக் கூப்பிட்டாள். அன்று சேற்றில் இறங்கியவள், பிறகு ஒவ்வொரு போகமும் இறங்கினாள்.

சோமாவதியின் வயல் முடிந்தால் அடுத்தது பக்கத்து வீட்டு வயல். பெண்களெல்லாம் ஒரே வரிசையில் குனிந்து நட்டார்கள்; வரப்பில் ஒன்றாக உட்கார்ந்து சோறும் பலாக்காய்க் கறியும் தின்றார்கள். கூலி என்ற பேச்சே எழவில்லை.

"சும்மா வேல வாங்குறாங்க, நீயும் போற," என்றான் புருஷன் ஏழுமலை.

அவளுக்கும் குழப்பந்தான். தன்னை நங்கி, அதாவது தங்கச்சி, என்றே கூப்பிடும் சோமாவதியிடம் சிங்களத்தில் கேட்டே விட்டாள்.

"இது அத்தம், நங்கி. இன்னைக்கி நீ எனக்கு, நாளைக்கி நாங்க உனக்கு."

"எனக்குத்தான் வயலே இல்லியே அக்கே?"

சோமாவதி சிரித்துக்கொண்டே அடுத்த நாற்றுக்கட்டைப் பிரித்தாள். தன்னை வேலைக்காரியாக வைத்திருக்கிறார்களா, கூடப்பிறந்தவளாக வைத்திருக்கிறார்களா என்று வெள்ளையம்மாவுக்குப் பிடிபடவில்லை.

இரண்டாயிரத்து மூன்றில் பெய்த அடைமழையில் லயத்துக்குப் பின்னாலிருந்த மண்மேடு சரிந்து அவள் சமையல் குசினியை மூடியது. நல்லவேளை, உள்ளே யாருமில்லை. மறுநாள் விடிந்ததும் கிராமத்துச் சனம் மம்பட்டியும் கூடையுமாக மேலேறி வந்தது. சோமாவதி தலையில் மண் சுமந்தாள். ஆண்கள் இடிந்த சுவரைக் கட்டி எழுப்பினார்கள். ஏழுமலை எல்லாருக்கும் தேத்தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருந்தான்.

அடுத்த நடவுக்கு அவளை யாரும் கூப்பிடவில்லை.

செய்ததற்குச் செய்தாயிற்று, இனி உறவில்லை என்கிறார்களா? அன்று கவனிப்பில் ஏதும் குறையா? கொழுந்து பறிக்கும்போது கீழே வயலில் குனிந்த முதுகுகள் தெரிந்தன. அவளுக்குக் கை ஓடவில்லை. ஞாயிற்றுக்கிழமை யாரிடமும் சொல்லாமல் இறங்கிப் போய் வரப்பில் நின்றாள்.

சோமாவதி நிமிர்ந்தாள். "ஏன் நங்கி, இப்பத்தான் வழி தெரிஞ்சிச்சா?"

"நீங்க கூப்பிடலியே!"

"மண்ணு சரிஞ்சப்ப நீ எங்கள கூப்பிட்டியா?"

கூப்பிடவில்லைதான். வெள்ளையம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வரிசையில் நுழைந்தாள். நட்டுக்கொண்டே பக்கத்திலிருந்தவளிடம் கேட்டாள்: "இது செவத்துக்கா, இல்ல புதுசா தொடங்குதா?" சுவருக்குத்தான் என்றாள் அவள். இல்லை, அது அன்றோடு தீர்ந்தது என்றாள் இன்னொருத்தி. இருவரும் வாதாடத் தொடங்கிவிட்டார்கள்.

அந்தப் போக அறுவடைக்கு ஏழுமலையும் அரிவாளோடு இறங்கினான். அது எந்தக் கணக்கில் சேரும் என்று அவள் கேட்கவில்லை. கேட்டாலும் தெளிவாக ஒருவரும் சொல்லமாட்டார்கள் என்று தோன்றியது.