காத்தாடியை நிறுத்திய மத்தியானங்கள்

முன்னறையில் காத்தாடி சுவிட்சைச் சுற்றிச் சுவர் கறுத்துப்போயிருக்கிறது. சென்ற மாதம் பெயிண்ட் அடிக்க வந்தவர், "இதுக்கு மேலயும் அடிச்சிடவாக்கா?" என்று கேட்டார். வேண்டாம் என்றேன். அண்ணனின் விரல் பட்டுப் பட்டு ஏறிய அழுக்கு அது.

சிறு வயதில் வருடக் கடைசிப் பள்ளி விடுமுறை வந்தால் அவனுக்குப் பாட்டுப் பதிவைத் தவிர வேறு நினைப்பே கிடையாது. ஜுருவில் பழைய சாமான் கடையொன்றில் வாங்கிய கீபோர்டு; சில கட்டைகள் அமுங்கினால் எழாது. அதை ரிக்கார்டரோடு இணைக்கும் கம்பி எங்களிடம் இல்லை. எதிரே ரிக்கார்டரை வைத்துத்தான் பதிவு செய்தாக வேண்டும். ஆகவே ஜன்னலைச் சாத்து, காத்தாடியை நிறுத்து, மூச்சுக்கூட விடாதே. ஜார்ஜ் டவுன் மத்தியான வெக்கையில், இதே அடுக்குமாடி வீட்டில், முதுகெல்லாம் வேர்த்து ஊற்ற, ரிக்கார்டர் பொத்தானில் விரலை வைத்தபடி நான் உட்கார்ந்திருப்பேன். அவன் வாசித்ததைப் பாட்டு என்று சொல்ல முடியாது. டுப் டுப் என்று ஒரு தாளம், அதன்மேல் இழுத்துக்கொண்டே போகும் ஒரு சுரம். "என்னடா இது, பெர்ரிப் படகு எஞ்சின் மாதிரி?" என்பாள் அம்மா. எனக்கு அதைவிட அழகான சத்தம் உலகத்திலேயே இல்லை.

ஒருநாள் தாளம் அடங்கி, சுரம் மட்டும் மெல்ல இழுபடும் இடம். நாங்கள் பதிவில் இருப்பதை மறந்துபோய் அடுப்படியிலிருந்து அம்மா கூப்பிட்டாள்: "பீசாங் கோரேங் ஆறிப்போகுது, ரெண்டு பேரும் வந்து பசியாறுங்கலா!"

வேறு கேசட் இல்லாததால் அண்ணன் பல்லைக் கடித்துக்கொண்டு கடைசிவரை வாசித்தான். பிறகு, "கெடுத்துட்டீங்களேம்மா!" என்று குதித்தான். கோபத்தில் அந்த வாழைப்பழப் பலகாரத்தைத் தொடவே இல்லை. அவன் பங்கையும் சேர்த்து நானே தின்றேன்.

இப்போது அம்மா இல்லை. படங்கள் நிறைய இருக்கின்றன. குரல் மட்டும் அந்தக் கேசட்டைத் தவிர வேறெங்கும் கிடையாது. கேசட்டோ மெல்பர்னில், அண்ணனிடம். அதிலிருப்பதைப் போனில் அனுப்பச் சொல்லிக் கேட்டுக்கொண்டே இருந்தேன். எதற்கென்று சொல்லவில்லை. அவனுக்குத் தெரியாதா என்ன!

போன வாரம் அனுப்பிவிட்டு அவனே கூப்பிட்டான். "இங்க இப்ப சம்மர்லா. இந்தப் பழைய கீபோர்டு சத்தத்துக்குத்தான் இப்ப மவுசு. கேட்டதும் நம்ம ஸ்கூல் லீவு அப்படியே கண்ணு முன்னால வந்துருச்சு. இரைச்சல், பேச்சு, எல்லாத்தையும் கம்ப்யூட்டர்ல எடுத்துட்டேன். சுத்தமா இருக்கும் பாரு!"

"கேசட் இருக்காண்ணே?"

"நாடா சிக்கி அறுந்துபோச்சு."

"கம்ப்யூட்டர்ல முதல்ல ஏத்தினது?"

"அதுமேலயே சேவ் பண்ணிட்டேன். அது எதுக்கு இப்ப?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் எத்தனையோ வருடங்களுக்குப் பிறகு அவன் குரலில் அந்தப் பையனின் குதூகலத்தைக் கேட்கிறேன். அங்கே அவனும் தனியாள்தான். "சும்மாதான் கேட்டேன்ணே" என்று வைத்துவிட்டேன்.

இன்று மத்தியானம் ஜன்னலைச் சாத்தினேன். கறுத்த சுவரில் கைவைத்துக் காத்தாடியை நிறுத்தினேன். பாட்டு ஓடியது. வெக்கை அதே வெக்கைதான். தாளம் அடங்கி, சுரம் மெல்ல இழுபட்டது. அந்த இடம் வந்தது. சுத்தமாக இருந்தது.

"இதோ வர்றேம்மா" என்றேன், சத்தமாகவே.

பாட்டு முடிந்த பிறகும் காத்தாடியைப் போட மனம் வரவில்லை.