நான் கேட்டு வாங்கிய புடவை

ஆடை வடிவமைப்பாளராக நான் தனியாக வேலை பார்த்த முதல் படத்துக்குப் பீங்கான் பட்டறைப் பெண்களின் உடைகள் தேவைப்பட்டன. புதுத்துணியைச் சாயத்தில் முக்கினால் திரையில் பொய் தெரிந்துவிடும். அதனால் என் ஊரான விருத்தாசலத்துக்கு வந்து, தொழிற்பேட்டையில் கோப்பைகளுக்குக் கைப்பிடி ஒட்டிக்கொண்டிருந்த என் பள்ளித்தோழியிடம் அவள் உடுத்தியிருந்த நீலப் பருத்திப் புடவையையே கேட்டேன். மறுநாள் துவைக்காமல், மண் வெளுப்போடு மடித்துக் கொண்டுவந்தாள். பதிலுக்குப் புதுப்புடவை கொடுத்தேன். கதாநாயகிதான் கட்டப்போகிறாள் என்றும் சொன்னேன். அதைப் பட்டறை முழுக்கச் சொல்லிவிட்டாள்.

படப்பிடிப்பில் இயக்குநர் அந்தப் புடவையை நகைச்சுவை நடிகைக்குக் கொடுக்கச் சொன்னார். கோப்பைகளைப் பலகையோடு கீழே போட்டு உடைத்து, முதலாளியிடம் அடி வாங்கும் வேடம். வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அடுத்த படம் கிடைக்காதோ என்று பயந்து, நானே ஊக்குக் குத்திக் கட்டிவிட்டேன்.

படம் ஊருக்கு வந்தபோது, தோழி கூட வேலை செய்பவர்களை எல்லாம் பகல் காட்சிக்குக் கூட்டி வந்தாள். சென்னையிலிருந்து என்னையும் வரச்சொல்லிப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டாள். முன்கூட்டியே சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. அந்தக் காட்சியில் தியேட்டரே சிரித்தது. ஒருத்தி புடவையை அடையாளம் கண்டு தோழியின் பெயரைச் சொல்லிக் கத்தினாள். அவள் மட்டும் மடியில் கைவைத்தபடி கடைசிவரை பார்த்தாள். வெளியே வந்ததும் மெதுவாகச் சொன்னாள்.

“இத்தினி வருஷமா வேலைக்குப் போறேன். ஒரு கப்பு கூட நான் உடைச்சதில்லடி.”

பஸ்ஸுக்கு நேரமாகிறது என்றேன். சென்னை பஸ்ஸுக்கு இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது.

பிறகு கலை இயக்குநரானேன். நான் அமைத்த வீடுகளும் தெருக்களும் அசல்போல இருப்பதாகப் பாராட்டினார்கள். ஊருக்குப் போவதை மட்டும் தள்ளிப்போட்டேன். பத்து வருஷம் கழித்துச் சொந்தமாக ஒரு சிறிய படம் தயாரித்தபோது, அதே பட்டறையில் படம்பிடிக்க அனுமதி கேட்கப் போனேன். முதலாளி சரி என்றார். உள்ளே மேற்பார்வை பார்த்துக்கொண்டிருந்தது அவள்தான். எல்லோர் முன்னாலும், அன்று நான் செய்தது தப்பு என்றேன்.

“படம் எடுக்கணும்னு வந்தே, அதான் சொல்றே. இல்லன்னா வந்திருப்பியா?”

வந்திருக்க மாட்டேன் என்றுதான் சொல்ல முடிந்தது.

“எடுத்துக்கோங்க. எங்க ஆளுங்கள மட்டும் காட்டாதீங்க.”

அவள் என்னை ‘ங்க’ போட்டுப் பேசியது அதுவே முதல் தடவை. பெண்கள் கைகழுவிவிட்டு வெளியே போய் நின்றார்கள். காலியான பட்டறையைப் படம்பிடித்தோம்.