பலகையில் இல்லாத டோக்கன்

விருத்தாசலத்தில் நான் வேலை பார்க்கும் பீங்கான் சூளையின் இரும்புக் கதவுக்கு இன்று ரெட் ஆக்சைடு பெயிண்ட் அடித்தார்கள். அப்பாவின் சட்டை வாடை.

சின்ன வயதில் நாங்கள் குடியிருந்து, இப்போது இடித்துத் தள்ளிவிட்ட டாக்யார்டு குவார்ட்டர்ஸ் முழுக்க அந்த வாடைதான். கொடித்துணியில், உப்புக்காற்றில், சோற்றில்கூட. கப்பலின் அடிவயிற்றில் இருக்கும் இரும்புத் தொட்டிக்குள் பெயிண்ட் அடிக்க இறங்குகிறவர்கள் தங்கள் பித்தளை டோக்கனைப் பலகையில் மாட்டிவிட்டு இறங்கி, ஏறியதும் எடுத்துக்கொள்வார்கள். பலகை காலியானால் தொட்டியை மூடிவிடுவார்கள். அன்று அப்பா டோக்கனைத் தேடித் தேடிக் கிடைக்காமல், சங்கு ஊதிவிட்டதே என்று வெறுங்கையோடு ஓடினார்.

சாயங்காலம் என்னையும் இழுத்துக்கொண்டு போய் டாக்யார்டு கேட்டில் அம்மா கதறினாள். "அவரு இன்னும் வூட்டுக்கு வரலைங்க, உள்ள பாருங்க!"

"பலகையில ஒரு டோக்கனும் இல்லம்மா, எல்லாரும் ஏறிட்டாங்க," என்றார் காவலாளி.

பாண்டி ஆட, சில்லுக்காக நான் எடுத்த டோக்கன் என் கைக்குள் வியர்வையில் நனைந்துகொண்டிருந்தது. நான் விரலைப் பிரிக்கவில்லை.