ஏழாவது மாலை

முப்பத்து நாலு வயது வரை எனக்குத் தனியாக டவுன் பஸ் ஏறத் தெரியாது. வெட்கமில்லை, நினைத்தால் ஆத்திரம்தான் வருகிறது. போலீஸ்காரரான என் அண்ணன் காலையில் பைக்கில் கொண்டுவந்து இராஜபாளையத்து பேண்டேஜ் கம்பெனி வாசலில் இறக்கிவிடுவார். சாயங்காலம் அதே வாசலில் ஏற்றிக்கொள்வார். வந்த மாப்பிள்ளைகளுக்கெல்லாம் நொட்டை சொல்லித் திருப்பி அனுப்புவார். பிறகு வருஷம் தவறாமல் ஸ்ரீவில்லிபுத்தூருக்குக் கூட்டிப்போய், எனக்குக் கல்யாணம் ஆகவேண்டும் என்று ஆண்டாளுக்குச் சாத்திய மாலையை வாங்கி என் கழுத்தில் போடுவார். தனக்கு வேண்டியவனைத் தானே சொல்லிக் கட்டிக்கொண்டவள் முன்னால் நிறுத்தி இந்தக் கூத்து! ஆறு வருஷம் நானும் வாயில்லாப் பூச்சியாக நின்றேன்.

கம்பெனியில் பஞ்சுத் தூசி தொண்டையில் அடைத்து இருமிக்கொண்டே இருப்பேன். ஒருநாள் என் மேஜையில் ஒரு துண்டு வெல்லம் இருந்தது. வைத்தவர் தறி மெக்கானிக். மனைவியை இழந்தவர், வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். எனக்குச் சுள்ளென்று வந்தது.

"யாரு கேட்டா உங்ககிட்ட?"

"யாரும் கேக்கல. நீங்க இருமுறது கேக்க முடியல, அதான்."

என் இருமலை வீட்டில் ஒருவர்கூடக் காதில் வாங்கியதில்லை. பாத்ரூமுக்குள் போய் அழுதேன். மறுநாளும் வெல்லம் இருந்தது, தின்றேன். எட்டு மாதம் தின்ற பிறகு நானே கேட்டேன், "என்னையக் கட்டிக்கிடுதீங்களா?" அவர் கையிலிருந்த ஸ்பேனரைக் கீழே போட்டுவிட்டார்.

முறைப்படி பெண் கேட்டு வீட்டுக்கு வந்தார். அண்ணன் உட்காரக்கூடச் சொல்லவில்லை. "ஏலே, எங்க வந்து பொண்ணு கேக்க?" என்று வாசலோடு விரட்டினார். என் வேலையையும் நிறுத்தினார். அடுத்த மாதமே, கொஞ்சமும் கூசாமல், மறுபடி ஸ்ரீவில்லிபுத்தூர்.

பட்டர் மாலையை நீட்டி, "சீக்கிரம் நல்ல வரன் அமையும்" என்றார்.

"அமைஞ்சிருச்சு சாமி. எங்க அண்ணந்தான் அவரை வாசல்லயே வச்சு விரட்டிட்டாக."

"ஏட்டி, வாய மூடு!"

மூடவில்லை. வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் கேட்கும்படி இன்னொரு தடவை சொன்னேன். அத்தனை பேர் முன்னால் அண்ணனால் கை ஓங்க முடியவில்லை. மாலையோடு வெளியே வந்து இராஜபாளையம் பஸ்ஸில் ஏறினேன்.

ஆறு மாலை என் கழுத்திலேயே வாடின. ஏழாவதைக் கம்பெனி வாசலில் வைத்து அவர் கழுத்தில் போட்டேன்.