வராதவரின் பங்கு

லெம்மியின் பிள்ளைக்குப் பல் முளைத்துவிட்டது, பெயர்தான் இன்னும் முளைக்கவில்லை. தெருவில் எல்லாரும் அவனை "ஏய்" என்றே கூப்பிட்டோம். அவனும் அதற்குத் திரும்பிப் பார்க்கத் தொடங்கிவிட்டான். அதுதான் லெம்மிக்கு வயிற்றெரிச்சல்.

காரணம் ஓஷ்வி அக்கா. எங்கள் தெருவுக்கு ரொட்டி அறுப்பவள். விசேஷம் இல்லாத நாட்களில் நீராவிக் குழாய்களுக்குள் புகுந்து கசடு சுரண்டுவாள். தனி ஆள். கல்யாணத்துக்கு ரொட்டி அறுத்த கைதான் பிறக்கும் பிள்ளைக்கும் அறுக்க வேண்டும். அறுப்பவர் முனகிக்கொண்டேதான் அறுப்பார்; கத்தி நடுவை நெருங்கும்போது அந்த முனகல் எந்த ஒலியில் வந்து நிற்கிறதோ, அதுவே பிள்ளையின் பெயர். வேறு கை அறுத்தால் பெயர் ஒட்டாது. எனக்கும் அக்காதான் அறுத்தாள். என் பெயர் ஹிச். அன்றைக்கு அவளுக்கு ஜலதோஷம்.

வடிவக்கூடத்தில் பாதியில் நின்றவன் நான். அங்கே படித்ததில் மண்டையில் தங்கியது இவ்வளவுதான்: எதை வகுத்தாலும் மீதி வர வேண்டும். வராவிட்டால் அது செத்த கணக்கு. அதனால்தான் சுவரில் ஓவியம் தீட்டினால் ஒரு மூலையை வெறுமையாக விடுகிறோம், பாட்டில் கடைசித் தட்டைத் தட்டாமல் நிறுத்துகிறோம், ரொட்டியில் நடுத்துண்டை யாரும் தொடுவதில்லை. அந்த மூலையிலும் தட்டிலும் துண்டிலும் இருப்பவர் ஒருவரே. வராதவர். அவர் யார் என்று கேட்கக் கூடாது. கேட்டு, அவரும் வந்து நின்றுவிட்டால், அப்புறம் அவர் வராதவர் இல்லையே! இதைக் கேட்டுவிட்டுத்தான் நான் கூடத்திலிருந்து வந்துவிட்டேன். வந்துவிட்டேன் என்றால், துரத்திவிட்டார்கள்.

லெம்மியின் கல்யாணத்தில் அக்கா அறுத்தது அவ்வளவு அழகு. பாசி ரொட்டி முழுக்க அலை அலையாகக் கோடுகள். எந்தத் துண்டும் இன்னொன்றைப் போல் இல்லை, ஆனால் எல்லாம் ஒரே அளவு. வந்தவர்களுக்கு ஒவ்வொன்று, அக்காவுக்கு ஒன்று, நடுவில் வராதவருக்கு ஒன்று. பந்தி முடிகிற நேரத்தில் மாப்பிள்ளையின் மாமா டோர்க் பனிப்படகிலிருந்து இறங்கி, ஈரக் காலோடு வந்து நின்றார். இப்படிப் பிந்தி வருகிறவருக்கு அறுப்பவர் தன் பங்கைக் கொடுப்பது வழக்கம். அதற்காகத்தான் அறுப்பவர் எல்லாருக்கும் கடைசியாகச் சாப்பிடுவார்.

குழாய் வேலையில் போனது போக மிஞ்சிய ஏழு விரல்களையும் அக்கா பிசைந்துகொண்டு நின்றாள். பிறகு நடுத்துண்டை எடுத்து அவர் கையில் வைத்துவிட்டாள்.

மீதி இல்லை. பாடிக்கொண்டிருந்தவர் வாயை மூட மறந்துபோனார். லெம்மியின் மாமியார் காலித் தட்டைத் துணி போட்டு மூடினாள், செத்தவர் முகத்தை மூடுகிற மாதிரி.

எண்ணிக்கையில் கோட்டை விட்டுவிட்டாள் என்று தெரு பேசியது. அக்கா மறுக்கவில்லை. அதன் பிறகு அவள் கத்தியையே தொடவில்லை. குழாய்க்குள் இருக்கும் நேரம் கூடிக்கொண்டே போனது. அதற்குள்ளே யாரும் முகத்தைப் பார்க்க மாட்டார்கள் அல்லவா.

கடைசியில் ஒரு மத்தியானம் லெம்மி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, சுட்ட ரொட்டியை என் தலையில் ஏற்றி, தெருவையே அக்காவின் வாசலுக்குக் கூட்டிப் போனாள்.

"அக்கா, கதவத் தொற. இல்லேன்னா இவனுக்கு 'ஏய்'னே பேரு நெலச்சிடும்."

கதவு திறந்தது. அக்கா எங்கள் கால்களைத்தான் பார்த்தாள்.

"என் கை ஆகாது லெம்மி. வேற ஆளப் பாரு."

"வேற கை ஒட்டுமா? ஒரு தடவ கணக்குத் தப்பிப்போச்சு, அவ்ளோதானே? இந்த ஹிச் பயலுக்கு வகுத்தல்னா என்னன்னே தெரியாது. வேளாவேளைக்குத் திங்காமயா இருக்கான்?"

நான் தலையில் ரொட்டியோடு பல்லைக் காட்டினேன்.

"கணக்குத் தப்பல," என்றாள் அக்கா.

"பின்ன?"

"பசிச்சுது."

யாருக்கும் புரியவில்லை.

"மாவு பெசஞ்சதுலேருந்து வாயில ஒண்ணும் வெக்கல. நீங்கள்லாம் ஆடிட்டிருந்தீங்க. செவுத்தப் பாத்துத் திரும்பி நின்னு என் பங்கத் தின்னுட்டேன். டோர்க் மாமா வந்தப்போ குடுக்க என்கிட்ட ஒண்ணுமில்ல. நாக்குல ருசிகூட இன்னும் போகல."

லெம்மியின் மாமியார் பிள்ளையின் குல்லாவைச் சரிசெய்தாள். அது சரியாகத்தான் இருந்தது. அறுப்பவள் சாப்பிட்டாளா என்று எந்த விசேஷத்திலாவது யாராவது கேட்டிருக்கிறோமா என்று யோசித்துப் பார்த்தேன். யோசிக்காமலே இருந்திருக்கலாம்.

டோர்க் மாமா கூட்டத்திலிருந்து முன்னால் வந்தார். சட்டைப்பைக்குள் கையை விட்டு, கறுத்துச் சுருங்கிய எதையோ எடுத்தார்.

"அது நடுத்துண்டுன்னு எனக்குத் தெரியும்மா. ஓரம் வளைஞ்சிருந்துச்சே. வேண்டாம்னு சொன்னா எல்லார் முன்னாடியும் உன்ன அசிங்கப்படுத்துன மாதிரி. வாங்கிட்டேன். ஆனா எப்படித் திங்கிறது? வராதவரு பங்காச்சே. அப்புறம் ஊரே உன்னப் பேசுச்சு. அப்பவே சொல்லியிருக்கணும். வாய் வரல."

"அடப்பாவி மாமா! இத்தன நாளா பைக்குள்ளயேவா வெச்சிருந்த?" என்றாள் லெம்மி.

"திங்கவும் முடியல, தூக்கிப் போடவும் மனசு வரல. சட்ட தொவைக்கிறப்போ மட்டும் எடுத்து வெளிய வெப்பேன்."

லெம்மியின் மாமியார் ஒரு தட்டை நீட்ட, அதில் வைத்தார். டக்கென்று கல் விழுந்த சத்தம். நான் சிரித்துவிட்டேன், வேறு யாரும் சிரிக்காததால் அதை இருமலாக மாற்றிக்கொண்டேன். அக்கா அந்தத் துண்டின் வளைவைத் தடவிப் பார்த்தாள். தன் கோடு அவளுக்குத் தெரியாதா? அவள் முகம் காது நுனிவரை வெட்கத்தில் கறுத்தது.

"கத்திய எடுத்துட்டு வாங்க," என்றாள்.

அறுத்தாள். முனகல் நடுநடுவே உடைந்தது. கத்தி நடுவைத் தொடப் போகையில் அது "நூவ்" என்று நின்றது. நூவ் அம்மாவின் காதை இழுத்துக்கொண்டிருந்தான். புதுத் துண்டோடு பழைய துண்டும் தட்டில் இருந்தது. மீதி இரண்டு வரலாமா என்று கூடத்துப் பெரியவர்கள் இன்னமும் அடித்துக்கொள்கிறார்கள்.

எல்லாருக்கும் கொடுத்து முடித்து, அக்கா தன் பங்கைக் கையில் வைத்துக்கொண்டு தெருக்கோடிவரை பார்த்தாள். யாரும் வரவில்லை. இருந்தும் அவள் கை வாய்க்குப் போகவில்லை. நாங்கள் எல்லாரும் அவளையே பார்த்துக்கொண்டு நின்றோம்.

முதலில் லெம்மி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். அடுத்து டோர்க் மாமா. அப்புறம் நாங்கள் எல்லாரும். தெருவே சுவரைப் பார்த்து நிற்க, பின்னால் அவள் மெதுவாக மெல்லும் சத்தம் கேட்டது.