ஓவியத்தில் நான் கட்டிய தோணி

ஹங்கேரியிலிருந்து வந்த அந்த ஓவியர் செட்டிபாளையத்தில் எங்கள் வீட்டு முன்னறையில் மூன்று மாதம் வாடகைக்கு இருந்தார். அறுபதைத் தாண்டிய பெண். விடிந்ததும் தொப்பியைப் போட்டுக்கொண்டு வாவிக்கரைக்குப் போனால் பசி எடுக்கும்வரை திரும்ப மாட்டார். அவர் ஊரில் ஒரு பெரிய ஏரி இருக்கிறதாம். குளிர்காலத்தில் அது உறைந்துபோக, ஆட்கள் மேலே நடப்பார்களாம். சிறுவயதிலிருந்தே அதைத்தான் வரைந்தாராம். உறையாத தண்ணீரைப் பார்க்க வந்ததாக என்னிடம் சொன்னார். இல்லை, இறால் குழம்புக்குத்தான் வந்தவர் என்பார் என் கணவர். இரண்டும் உண்மை.

கடைசி வாரம் எங்கள் தோணியை வரைந்தார். தண்ணீரும் வானமும் அச்சொட்டாக வந்திருந்தன. தோணிக்கு மட்டும் கயிறு இல்லை. முந்தின வருடம்தான் என் கணவர் கட்ட மறந்து ஒரு தோணி வெள்ளத்தோடு போயிருந்தது. அந்த ஆத்திரம் எனக்கு இன்னும் ஆறவில்லை. ஓவியர் குளிக்கப் போன நேரம் தூரிகையைக் கறுப்பில் தோய்த்து, தோணியிலிருந்து கரைக் கம்பு வரை ஒரே இழுவையில் கயிறு போட்டுவிட்டேன். பிறகு தூரிகையைக் கழுவி, இருந்த இடத்திலேயே வைத்தேன்.

வந்து பார்த்தவர் சிரித்தார், தேநீர் கேட்டார். நாலு நாளில் படத்தோடு ஊருக்குப் போய்விட்டார். மரியாதைக்குத்தான் சிரித்தாரோ, படத்தைக் கெடுத்துவிட்டேனோ என்று வருடக்கணக்காக மனம் அரித்தது. எழுதிக் கேட்கத் துணிவு வரவில்லை.

அவர் இறந்தபின் அவருடைய வீட்டை ஓவியக்கூடமாக்கியிருக்கிறார்கள். போன மாதம் அவருடைய மகள் வீடியோ அழைப்பில் வந்தார். படங்களைத் துப்புரவு செய்பவர், அந்தக் கறுப்புக் கோடு அம்மாவின் கை இல்லை, அழித்துவிடலாம் என்கிறாராம். தனக்கு மனம் வரவில்லை, உங்களுக்கு ஏதாவது தெரியுமா என்று கேட்டார்.

"அவவே கீறின எண்டு சொல்லு புள்ள," என்று கணவர் கிசுகிசுத்தார்.

"பொய் சொல்லேலா. நான் கீறினத நான்தான் சொல்லோணும்," என்றேன். பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பித்த வாய், அன்று தடுமாறித் தடுமாறி எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டது.

மகள் சிரித்தபடி போனைப் படத்தருகே கொண்டுபோனார். மற்ற எல்லாப் படங்களிலும் அம்மாவின் கையெழுத்து வலது மூலையில் இருக்குமாம். இதில் மட்டும் நான் இழுத்த கயிற்றின் மேலேயே, தோணியிலிருந்து கம்பு வரை, சிவப்பில் தன் பெயரை எழுதியிருக்கிறார். கயிற்றை அழித்தால் அவர் பெயரும் அழிந்துபோகும். கணவர் எட்டிப் பார்த்து முடிச்சுச் சரியில்லை என்றார். நான் சந்தோஷத்தில் அழுதுகொண்டிருந்தேன்.