கொடியின் பின்பக்கம்

மேசையில் இரண்டு கொடிகளையும் அருகருகே விரித்துவிட்டு, ஜனார்த்தன் பழையதன் மூலையில் விரலை வைத்தான்.

"அக்கா, இங்க பாருங்க. பிரிட்டிஷ் கொடி தலைகீழா இருக்கு."

"ஓம்," என்றாள் பிரசாந்தி.

"பழசுலயும் தப்பு. நீங்க தைச்சதுலயும் அதே தப்பு."

"அப்பிடியே செய்யச் சொன்னவை. அப்பிடியே செய்தனான்."

"எப்போ கவனிச்சீங்க?"

"முதல் நாளே."

"நல்லா இருக்குக்கா. கப்பல்ல இப்படி ஏத்தினா, முழுகறோம் காப்பாத்துங்கன்னு அர்த்தம். சனிக்கிழமை விழாவுல மேயர் சல்யூட் அடிக்கப்போறார்."

"அறுபது வருஷம் பறந்தது. ஆரும் வந்து காப்பாத்தேல்லை."

அவன் விழாக் குழுவுடன் போன் பேச வெளியே போனான்.

மாசி என்ற புறநகரில் இருந்த அந்தப் பட்டறை ஜனார்த்தனுடையது. பெரும்பாலும் எந்திரத்தில் அச்சிடும் விளம்பரக் கொடிகள். துணியை வெட்டிப் பொருத்தித் தைக்கும் வேலை எப்போதாவது வரும், அது பிரசாந்திக்கு. அவளுக்கு ஐம்பத்திரண்டு வயது. வவுனியாவிலிருந்து வந்து பதினாறு வருடம். வீடிருந்த லின்ஃபீல்டிலிருந்து தினமும் இரண்டு பஸ் மாறி வந்தாள்.

பழைய கொடி, 1989இல் கலைக்கப்பட்ட ஒரு கவுண்டி (மாவட்ட) சபையினுடையது. நீலத் துணி. கம்பத்தோர மேல் மூலையில் பிரிட்டிஷ் கொடி. மறுபாதியில் வெள்ளை வட்டம். அதற்குள் கப்பல், கலப்பை, ஆடு, அந்த மண்ணுக்கே உரிய கவ்ரி மரம். விழாக் குழுவின் செயலாளரான முதிய பெண்மணி, அதேபோல் புதிது தைக்கச் சொல்லிக் கொடியைக் கொடுத்த அன்று ஒவ்வொன்றுக்கும் பொருள் சொன்னாள். கப்பல் வந்தவர்களுக்கு. கலப்பை உழைப்புக்கு. ஆடு செல்வத்துக்கு. மரம் நிலத்துக்கு. கொடி தைக்கப்பட்ட வருடத்தில் அந்தக் கவுண்டியில் வெட்டாத கவ்ரி மரம் ஒன்றுகூட மிச்சமில்லை என்பதையும் அதே குரலில் சொன்னாள். கப்பலுக்கு முன்பே அங்கிருந்த பூர்வகுடிகளுக்கு வட்டத்துக்குள் எதுவும் இல்லை. பிரசாந்தியின் கணவன் சஞ்சீவன் இறந்து ஒன்பதாவது நாள் அது. சாவுத் துடக்குக்குக் கோயிலுக்குத்தான் போகக்கூடாது, வேலைக்குப் போகலாம் என்று வந்திருந்தாள்.

பிரிட்டிஷ் கொடியில் சாய்ந்த சிவப்புக் கோட்டுக்கு இரு பக்கமும் வெள்ளை. ஒன்று அகலம், ஒன்று ஒடுக்கம். கம்பத்தோரம் அகலமான வெள்ளை மேலே வரவேண்டும். இதில் கீழே வந்திருந்தது.

ஜனார்த்தன் திரும்பி வந்தான். "திருத்தித்தான் வேணுமாம். நாளைக்குப் பன்னிரண்டு மணிக்கு எடுக்க வராங்க. மூலையைப் புதுசாத் தைக்கணும். காலையில ஏழு மணிக்கு வர முடியுமாக்கா?" கேட்ட பிறகுதான் அவனுக்கு நினைவு வந்தது. "ஐயோ, நாளைக்கு..."

"அவருக்கு முப்பத்தொண்டாம் நாள்."

"மன்னிச்சுக்கங்கக்கா. எனக்கு அந்தத் தையல் வராது."

சஞ்சீவனின் சாம்பல் பெட்டி வீட்டு முன்னறை அலுமாரியில் இருந்தது. நாளை அதைக் கடலில் கரைக்கவேண்டும். கரைத்துவிட்டால் அவனுக்குச் செய்ய வேறொன்றும் மிச்சமில்லை. வேலைக்கு வருகிறேன் என்று சொன்னால் போதும், கடலுக்குப் போகாமல் இருக்கலாம். வேலை என்றால் யாரும் குறை சொல்லமாட்டார்கள்.

அவள் புதுக் கொடியின் மூலையைப் புரட்டிப் பார்த்தாள். பின்பக்கத்தில் ஒரு நூல் முனைகூட இல்லை. இரண்டு பக்கமும் ஒன்றுபோலத் தைப்பது அவள் வழக்கம், யாரும் கேட்டதில்லை. மூலையை மட்டும் கழற்றி, முன்பின்னாகப் புரட்டித் தைத்தால் கோடுகள் சரியாகிவிடும். ஒன்றரை மணி நேர வேலை. இதுவும் முதல் நாளே தெரியும்.

மகள் அபர்ணா போனில் வந்தாள். "அம்மா, ஐயர் செவன் தேர்ட்டிக்கு வாறாராம். அப்பாவை ஆர் தூக்கிறது? ஐ கான்ட். ஐ ரியலி கான்ட்."

பிரசாந்தி புரட்டிய மூலையை மேசையில் விரித்து வைத்தாள்.

"நான் தூக்கிறன்," என்றாள்.

போனை வைத்துவிட்டு நூல் பிரிக்கும் ஊசியை எடுத்தாள்.

"என்னக்கா பண்றீங்க?"

"பிரட்டிறன்."

ஜனார்த்தன் குனிந்து பார்த்தான். "அட, இவ்வளவுதானா?"

"இவ்வளவுதான்."

தைத்து முடித்துவிட்டு ஐந்தரை மணி பஸ்ஸில் வீட்டுக்குப் போனாள்.

மறுநாள் மழை இல்லை. ஐயர் எட்டு மணிக்குத்தான் கடற்கரைக்கு வந்தார். பெட்டி மூன்று கிலோ இருக்கும். பிரசாந்தி அதைத் தூக்கிக்கொண்டு முழங்கால் அளவு தண்ணீரில் இறங்கினாள். கொட்டும்போது காற்று கரைப்பக்கம் வீசியதால் கொஞ்சம் சாம்பல் சேலையில் ஒட்டியது. அபர்ணா காருக்குப் பக்கத்தில் நின்றாள். வீட்டில் பதினெட்டுப் பேர் சாப்பிட்டார்கள். கொடியை எடுத்துப் போய்விட்டார்கள் என்று பன்னிரண்டரைக்கு ஜனார்த்தன் செய்தி அனுப்பினான். பின்னேரம் சேலையைத் தோய்த்துக் காயப்போட்டாள்.